புலிக் கணக்கும் புத்தகக் கணக்கும்

ஜெய்ப்பூருக்கு மாற்றலாகி வந்த தமிழ்க் குடும்பங்களுக்கு ஒரு மாமூல் அட்டவணை உண்டு. ஊரிலிருந்து பெரியவர்கள் வந்தால் முதல் நாள் ஹவா மகல், சிட்டி பேலஸ். இரண்டாம் நாள் ஆமேர் கோட்டை. மூன்றாம் நாள் குழந்தைகள் "புலி பார்க்கணும்" என்று ஆரம்பிப்பார்கள். ரண்தம்போர் கொஞ்சம் தூரம், செலவும் அதிகம். அல்வர் மாவட்டத்தில் இருக்கும் சரிஸ்கா அவ்வளவு தூரமில்லை. காலையில் கிளம்பினால் ராத்திரி சாப்பாட்டுக்கு வீடு திரும்பிவிடலாம்.

அந்தச் சரிஸ்காவில் 2005ஆம் ஆண்டு ஒரு புலிகூட இல்லை என்று தெரியவந்தது. மொத்தமும் கள்ள வேட்டையில் போயிருந்தது. 1978லேயே புலிகள் காப்பகமாக அறிவிக்கப்பட்ட காடு. தலைநகர் டெல்லியிலிருந்து நாலைந்து மணி நேரப் பயணம். வேலி, சோதனைச் சாவடி, காவலர், ஜீப் எல்லாம் இருந்தன. புலி மட்டும் இல்லை.

புலி அழிந்தது பெரிய சோகம்தான். ஆனால் என்னைப் போன்ற வங்கிக்காரனுக்கு அதில் வேறொரு விஷயம் கூடுதலாக உறுத்தும். புத்தகத்தில் புலி இருந்தது! ஆண்டுதோறும் கணக்கெடுத்தார்கள். 2000களின் தொடக்கத்தில் சரிஸ்காவின் அதிகாரபூர்வ எண்ணிக்கை இருபதுக்கு மேல். லெட்ஜரில் இருப்பு காட்டுகிறது, பெட்டகத்தைத் திறந்தால் காலி. ஒரு கிளையில் இப்படி நடந்தால் முதல் கேள்வி "யார் எடுத்தது?" என்பதாக இருக்கும். இரண்டாவது கேள்வி, அதைவிட முக்கியமான கேள்வி, "இத்தனை நாளும் எப்படி எண்ணினீர்கள்?" என்பது.

இந்தப் பதிவு அந்த இரண்டாவது கேள்வியைப் பற்றி. காட்டையும் வயலையும் ஆற்றையும் எப்படி எண்ணுவது என்பதற்கு ஒரு வரலாறு இருக்கிறது. அதில் நம் நாட்டுக்குப் பெரிய பங்கு உண்டு. நான் பி.காம். படித்தவன், விஞ்ஞானி அல்ல. பிசினஸ் ஸ்டாட்டிஸ்டிக்ஸ் பேப்பரில் 'சாம்பிளிங்' என்று நாலு பக்கம் படித்ததோடு சரி. ஆனால் தணிக்கை, சரக்கு ஆய்வு, பயிர்க் காப்பீடு என்று தினம் புழங்கும் தொழிலில் அந்த நாலு பக்கம்தான் இன்றுவரை சோறு போடுகிறது. :-)

பதினாறு அணா விளைச்சல்

முதலில் வயலுக்குப் போவோம்.

வெள்ளைக்காரன் காலத்தில் ஒரு ஜில்லாவில் எவ்வளவு நெல் விளைந்தது என்று அரசாங்கத்துக்கு எப்படித் தெரியும்? கிராமத்துக் கணக்கர் வரப்பில் நின்று பயிரைப் பார்ப்பார். நல்ல விளைச்சல் என்றால் பதினாறு அணா. சுமார் என்றால் பன்னிரண்டு அணா. மோசம் என்றால் எட்டு. "வழக்கமான விளைச்சல்" என்று ஏட்டில் ஒரு எண் இருக்கும். அதை இந்த அணாவால் பெருக்கினால் ஜில்லாவின் உற்பத்தி வந்துவிடும். இதற்குப் பெயர் 'அணாவாரி' முறை. கண்ணளவைக்கு மரியாதையான பெயர், அவ்வளவுதான்.

வரி, தள்ளுபடி, பஞ்ச நிவாரணம் எல்லாம் இந்த எண்ணை நம்பித்தான் நடந்தன. அந்த எண்ணைக் கொடுப்பவருக்கோ மேலதிகாரியிடம் பயம், ஊர்க்காரரிடம் தயவு, போன வருஷ எண்ணிலிருந்து ரொம்ப விலகக்கூடாதே என்ற கவலை, மூன்றும் உண்டு. நம் ஆபீஸ் பட்ஜெட்டில் போன வருஷ எண்ணோடு பத்து சதம் கூட்டிப் போடுகிறோமே, அதே கதை.

1920களில் பீகார்-ஒரிசா மாகாணத்தில் ஜே.ஏ. ஹப்பாக் என்று ஓர் ஐ.சி.எஸ். அதிகாரி இருந்தார். அவர் கண்ணளவையை ஓரம் வைத்தார். முன்கூட்டியே முடிவு செய்த, யாருடைய விருப்பமும் கலக்காத முறையில் வயல்களில் சின்னச் சின்னத் துண்டுகளைத் தேர்ந்தெடுத்து, அங்கே விளைந்த நெல்லை அறுத்து, எடை போட்டார். 1927ல் அதை ஒரு சிறு அறிக்கையாக வெளியிட்டார். எதை அறுக்கலாம் என்பதை அறுப்பவன் முடிவு செய்யக்கூடாது என்பதுதான் அதன் சாரம். நல்ல பயிராகப் பார்த்து அறுக்கிற ஆசை எல்லோருக்கும் வரும். அந்த ஆசைக்கு இடமே கொடுக்கக்கூடாது. நவீன புள்ளியியலின் பெரிய பெயரான ஆர்.ஏ. ஃபிஷரே ஹப்பாக்கின் வேலையைப் பாராட்டியிருக்கிறார்.

ஒரு சோறு பதம், ஆனால்...

நம் ஊரில் சாம்பிளிங்கைப் பாட்டிகள் எப்போதோ சொல்லிவிட்டார்கள். ஒரு பானை சோற்றுக்கு ஒரு சோறு பதம். யாரும் பானையைக் கவிழ்த்து ஒவ்வொரு பருக்கையாக நசுக்கிப் பார்ப்பதில்லை.

ஆனால் அந்தப் பழமொழி பலிப்பதற்கு ஒரு நிபந்தனை இருக்கிறது. சோறு ஒரே சீராகக் கொதித்திருக்க வேண்டும். துழாவாத பானையில் மேலே எடுத்தால் அரிசி, அடியில் எடுத்தால் குழைவு. காடும் வயலும் யாரும் துழாவாத பானைகள். ஆற்றங்கரையில் ஒரு விளைச்சல், மேட்டில் ஒரு விளைச்சல். அங்கே ஒரே ஒரு சோறு போதாது. பானையின் பல இடங்களிலிருந்து, குலுக்கல் முறையில், எங்கே கரண்டியை விடுகிறோம் என்பதை நம் கையில் வைத்துக்கொள்ளாமல் எடுக்க வேண்டும். அப்படி எடுத்தால் இன்னொரு லாபமும் உண்டு. "பதம் இது" என்று சொல்வதோடு "இதில் இவ்வளவு தவறு இருக்கலாம்" என்றும் கணக்குப் போட்டுச் சொல்ல முடியும். கண்ணளவைக்காரரால் ஒருநாளும் சொல்ல முடியாத வாக்கியம் அது.

கல்கத்தாவில் ஒரு அறை

இதை ஒரு பெரிய தொழில்நுட்பமாக வளர்த்தவர் பிரசாந்த சந்திர மகலனோபிஸ். கல்கத்தா பிரசிடென்சி கல்லூரியில் இயற்பியல் பேராசிரியர். அதே கல்லூரியில் ஒரு அறையில் ஆரம்பித்ததுதான் இந்தியப் புள்ளியியல் நிறுவனம் (1931). 1937ல் வங்காளத்துச் சணலை அளக்கும் வேலை அவரிடம் வந்தது. சணல் அப்போது ஏற்றுமதிப் பணம். எவ்வளவு விளையும் என்ற முன்கணிப்பு ஒரு பக்கம் சாய்ந்தால் ஆலைக்காரனுக்கு லாபம், மறுபக்கம் சாய்ந்தால் வியாபாரிக்கு லாபம், எந்தப் பக்கம் சாய்ந்தாலும் விவசாயிக்கு நஷ்டம் என்கிற மாதிரி சந்தை.

மகலனோபிஸ் ஒரேயடியாக மாகாணம் முழுக்க இறங்கவில்லை. முதல் வருஷம் சின்ன அளவில் செய்து பார்த்தார். எத்தனை துண்டு எடுத்தால் எவ்வளவு துல்லியம், ஒரு துண்டுக்கு நடக்கக் கூலி எவ்வளவு, நேரம் எவ்வளவு என்று கணக்குப் போட்டார். அடுத்தடுத்த ஆண்டுகளில் படிப்படியாகப் பெரிதாக்கினார். இன்று 'பைலட் ஸ்டடி' என்று சுலபமாகச் சொல்லிவிடுகிறோமே, அதைத் திட்டமாகப் பழக்கிக் காட்டியவர்களில் அவர் முக்கியமானவர். சில ஆண்டுகளிலேயே, ஒவ்வொரு நிலத்துண்டாக எண்ணிய முழுக் கணக்கெடுப்பைவிட அவருடைய மாதிரிக் கணக்கு வியாபாரப் புள்ளிவிவரத்துக்கு நெருக்கமாக வந்தது. செலவோ அதில் ஒரு சிறு பங்கு.

முழுசாக எண்ணியது தப்பு, கொஞ்சமாக எண்ணியது சரி என்றால் எப்படி? வங்கியில் ஸ்டாக் ஆடிட் பார்த்தவர்களுக்கு இது ஆச்சரியமாக இருக்காது. ஆயிரக்கணக்கான ஆட்களைத் தற்காலிகமாக நியமித்து ஒவ்வொரு வயலுக்கும் அனுப்பினால், பாதிப் பேர் மரத்தடியில் உட்கார்ந்து படிவத்தை நிரப்பிவிடுவார்கள். அவர்களைச் சரிபார்க்க ஆள் இல்லை. சில நூறு பேரைப் பழக்கி, சம்பளம் கொடுத்து, மேற்பார்வை செய்வது முடிகிற காரியம்.

மகலனோபிஸ் இன்னொரு தந்திரமும் வைத்திருந்தார். ஒரே பகுதிக்கு இரண்டு தனித்தனிக் குழுக்களை, ஒன்றையொன்று சாராத இரண்டு மாதிரிகளோடு அனுப்பினார். இரண்டு விடைகளும் நெருங்கி வந்தால் நம்பலாம். விலகினால் எங்கேயோ கோளாறு. எங்கள் பாஷையில் சொன்னால் மேக்கர்-செக்கர். ஆனால் செக்கர், மேக்கரின் விடையைப் பார்க்காமல் தானே எண்ணுகிறார். 1944ல் இந்த அனுபவத்தை லண்டன் ராயல் சொசைட்டியின் ஆய்விதழில் பெரிய கட்டுரையாக எழுதினார். அடுத்த வருஷம் அந்தச் சொசைட்டியின் ஃபெல்லோ ஆனார். மாதிரிக் கணக்கெடுப்புக்காக ஐக்கிய நாடுகள் சபை 1947ல் அமைத்த துணைக்குழுவுக்குத் தலைவரும் அவரே. 1950ல் நம் தேசிய மாதிரிக் கணக்கெடுப்பு தொடங்கியது. அவருடைய பிறந்த நாளான ஜூன் 29ஐத்தான் புள்ளியியல் தினமாகக் கொண்டாடுகிறோம்.

நெல், கோதுமைப் பக்கம் பி.வி. சுகாத்மே போன்றவர்கள் பயிர் அறுவடைச் சோதனையை நாடு முழுக்கப் பரப்பினார்கள். பயிர்க் கடன் கொடுக்கும் கிளைகளில் வேலை பார்த்தவர்களுக்கு இது நன்றாகத் தெரியும். இன்றைய பயிர்க் காப்பீட்டிலும் ஒரு கிராமத்துக்கோ பஞ்சாயத்துக்கோ முக்கியப் பயிர் ஒன்றுக்கு நாலு இடத்திலாவது அறுத்து எடை போட்டுத்தான் இழப்பீட்டை முடிவு செய்கிறார்கள். ஹப்பாக்கின் துண்டு வயல் இன்னும் உயிரோடு இருக்கிறது.

கண்ணாடித் தகடும் புலியின் பாதமும்

இப்போது காட்டுக்குத் திரும்புவோம். இங்கேதான் கதை விசித்திரமாகிறது.

சாம்பிளிங்கில் உலகத்துக்கே பாடம் சொன்ன நாடு, தன் புலியை எண்ணும்போது அந்தப் பாடத்தைப் புரட்டிக்கூடப் பார்க்கவில்லை.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இந்தியாவில் நாற்பதாயிரம் புலிகள் இருந்திருக்கலாம் என்று இ.பி. ஜீ என்ற இயற்கை ஆர்வலர் பிற்பாடு எழுதினார். அது ஓர் ஊகம். ஆனால் புலி வேகமாகக் குறைகிறது என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. 1969ல் டெல்லியில் நடந்த சர்வதேச இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியத்தின் மாநாட்டில் அபாயச் சங்கு ஊதப்பட்டது. 1970ல் புலி வேட்டைக்குத் தடை வந்தது. 1972ல் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம். அதே ஆண்டு நாடு தழுவிய முதல் புலிக் கணக்கெடுப்பு, விடை 1,827. அடுத்த ஆண்டு ஏப்ரல் 1ஆம் தேதி புலிகள் பாதுகாப்புத் திட்டம் ஒன்பது காப்பகங்களோடு ஆரம்பமானது.

எண்ணிய முறை காலடித் தடம். இதை ஒழுங்குபடுத்தியவர் ஒரிசா வனத்துறையின் சரோஜ் ராஜ் சௌதுரி. (கைரி என்ற பெண் புலியை வீட்டில் பிள்ளை மாதிரி வளர்த்தவர் இவர்தான்.) ஒவ்வொரு புலியின் பாதமும் தனி என்பது நம்பிக்கை. குறிப்பிட்ட சில நாட்களில் நாடெங்கும் வனக்காவலர்கள் காட்டுப் பாதைகளில் நடப்பார்கள். தடம் கண்ட இடத்தில் கண்ணாடித் தகட்டை மேலே வைத்து அதன் வடிவத்தை வரைந்துகொள்வார்கள், அல்லது பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் ஊற்றி அச்செடுப்பார்கள். முக்கியமாக இடது பின்னங்கால். பிறகு எல்லா வரைபடங்களையும் அதிகாரிகள் ஒப்பிட்டு, இது இந்தப் புலி, அது அந்தப் புலி என்று பிரித்து, இரட்டிப்பைக் கழித்து, மொத்தம் சொல்வார்கள்.

காட்டைக் கரைத்துக் குடித்த ஒருவருக்கு, தன் பகுதியில் திரியும் நாலைந்து புலிகளைத் தடம் பார்த்து அடையாளம் சொல்ல முடியலாம். அந்தத் திறமையை நான் குறைத்துச் சொல்லவில்லை. சிக்கல் வேறு. ஈர மண்ணில் ஒரே பாதம் பெரிதாகப் பதியும், காய்ந்த மண்ணில் சின்னதாக. ஓடினால் ஒரு வடிவம், நடந்தால் ஒரு வடிவம். வரைகிறவர் கைக்கும் ஒரு வடிவம். கர்நாடகத்தின் உல்லாஸ் காரந்த், மெக்கானிகல் எஞ்சினியரிங் படித்துவிட்டு வனவிலங்கு ஆராய்ச்சிக்கு வந்தவர், 1980களில் ஒரு சோதனை செய்தார். கூண்டில் இருந்த நாலு புலிகளின் தடங்களை வரைந்து, எத்தனை புலி என்று அனுபவஸ்தர்களிடம் கேட்டார். யாரும் நாலு என்று சொல்லவில்லை. எல்லோரும் கூடுதலாகவே சொன்னார்கள்.

அதைவிடப் பெரிய சிக்கல் இரண்டு. ஒன்று, இது மாதிரி அல்ல, 'முழு எண்ணிக்கை' என்று சொல்லிக்கொண்டது. அதாவது காட்டிலுள்ள எல்லாப் புலியின் தடமும் கிடைத்துவிட்டது என்று வைத்துக்கொண்டது. அதனால் 1984ல் 4,005, 1989ல் 4,334, 2001-02ல் 3,642 என்று கடைசி இலக்கம் வரை எண் வந்தது. பக்கத்தில் 'கூடக்குறைய இவ்வளவு' என்பது வரவில்லை.

இரண்டாவது, புலியைக் காப்பாற்றுவதும் எண்ணுவதும் மதிப்பெண் போடுவதும் ஒரே துறை. கடன் வாங்கியவர் தரும் ஸ்டாக் ஸ்டேட்மென்ட்டை மட்டும் வாங்கி ஃபைலில் போட்டுக்கொண்டு, குடோன் பக்கமே போகாமல் இருந்தால் என்ன ஆகும்? மாதாமாதம் சரக்கு ஏறிக்கொண்டே இருக்கும். குறைத்துக் காட்டினால் கேள்வி வரும், கூட்டிக் காட்டினால் பாராட்டு வரும் என்கிற இடத்தில் எண்கள் எந்தப் பக்கம் சாயும் என்று சொல்லத் தேவையில்லை. யாரும் பொய் சொல்ல வேண்டியதுகூட இல்லை. சந்தேகமான இரண்டு தடங்களை ஒன்று என்பதா இரண்டு என்பதா என்ற இடத்தில் கொஞ்சம் மனம் இளகினால் போதும்.

சரிஸ்காவில் இதுதான் வெடித்தது. 2005 ஜனவரியில் ஓர் ஆங்கில நாளிதழ், பல மாதங்களாக அங்கே யாரும் புலியைப் பார்க்கவில்லை என்று எழுதியது. இந்திய வனவிலங்கு நிறுவனம் போய்த் தேடியது. சி.பி.ஐ. விசாரித்தது. பிரதமர் மன்மோகன் சிங் சுனிதா நாராயண் தலைமையில் ஒரு பணிக்குழு அமைத்தார். அந்தக் குழுவின் அறிக்கையில் என்னை உட்காரவைத்த பகுதி ஒன்று உண்டு. களத்தில் நடந்த ஊழியர்களின் சொந்தக் கணிப்பு, பல ஆண்டுகளாகவே அதிகாரபூர்வ எண்ணைவிட வெகு குறைவாக இருந்திருக்கிறது. கேஷியருக்குப் பெட்டியில் பணம் இல்லை என்று தெரிந்திருக்கிறது. பேலன்ஸ் ஷீட்டுக்குத்தான் தெரியவில்லை.

மீன் பிடித்து விட்டவர்

மாற்று வழி அப்போதே தயாராக இருந்தது. அதன் வேர் புலியில் இல்லை, மீனில் இருக்கிறது.

டென்மார்க்கைச் சேர்ந்த பீட்டர்சன் என்ற மீனியல் அறிஞர் 1890களில் மீன்களுக்கு அடையாளம் போட்டு நீரில் விட்டு ஆராய்ந்தார். 1930ல் அமெரிக்காவில் லிங்கன் என்பவர் வளையம் மாட்டிய வாத்துகளை வைத்து அதே யோசனையைப் பயன்படுத்தினார். யோசனை இவ்வளவுதான். கோயில் குளத்தில் எத்தனை மீன்? நூறு மீனைப் பிடித்து, அடையாளம் போட்டு, திரும்ப விடுங்கள். நன்றாகக் கலந்த பிறகு மறுபடி நூறு பிடியுங்கள். அதில் இருபதில் அடையாளம் இருந்தால், பிடித்ததில் ஐந்தில் ஒரு பங்கு பழைய மீன். அப்படியானால் முதலில் அடையாளம் போட்ட நூறும் குளத்து மொத்தத்தில் ஐந்தில் ஒரு பங்கு. மொத்தம் சுமார் ஐந்நூறு. குளத்தை வற்றவைக்க வேண்டியதில்லை.

இதன் அழகு என்னவென்றால், 'நம் கண்ணில் படாதவை எத்தனை' என்ற கேள்வியை அது நேராகக் கேட்கிறது. தடம் பார்க்கும் முறை கிடைத்ததை மட்டும் எண்ணியது. இந்த முறை, கிடைக்காமல் போனதற்கும் ஒரு பதில் வைத்திருக்கிறது.

புலியைப் பிடித்து அடையாளம் போட முடியாது, போடவும் வேண்டாம். உடம்பு முழுக்கக் கடவுள் போட்ட கையெழுத்து இருக்கிறது. ஒரு புலியின் வரி இன்னொரு புலிக்குக் கிடையாது. இடது விலாவும் வலது விலாவும்கூட வேறு வேறு. அதனால் பாதையின் இரு பக்கமும் எதிரெதிராக இரண்டு தானியங்கி கேமராக்கள். புலி குறுக்கே போனால் படம் விழும். எங்கள் ஸ்பெசிமன் சிக்னேச்சர் கார்டு மாதிரி, புதுப் படத்தைப் பழைய படத்தோடு ஒப்பிட்டு, இது முன்பே வந்த புலியா, புதிதா என்று சொல்லலாம். காரந்த் நாகரஹொளே காட்டில் இதைச் செய்து 1995ல் வெளியிட்டார். பிறகு அமெரிக்கப் புள்ளியியலாளர் ஜேம்ஸ் நிக்கோல்ஸோடு சேர்ந்து இன்னும் சில காடுகளில் விரித்தார்.

சரிஸ்கா அதிர்ச்சிக்குப் பின் அரசாங்கமும் பழைய முறையைக் கைவிட்டது. 2006ல் வந்த சட்டத் திருத்தத்தால் தேசியப் புலிகள் பாதுகாப்பு ஆணையம் உருவானது. டேராடூனில் உள்ள இந்திய வனவிலங்கு நிறுவனம் புது முறையை வகுத்தது. வனக்காவலர்கள் தங்கள் பகுதி முழுக்க நடந்து, புலியின் தடம், எச்சம், மான் கூட்டம், மனிதத் தொந்தரவு எல்லாவற்றையும் குறிப்பார்கள். செயற்கைக்கோள் படத்திலிருந்து காட்டின் நிலை வரும். தேர்ந்தெடுத்த சில பகுதிகளில் மட்டும் கேமரா வைத்து அடர்த்தியைக் கணக்கிடுவார்கள். கேமரா வைத்த இடத்துக்கும் வைக்காத இடத்துக்கும் உள்ள தொடர்பைக் கொண்டு மொத்தம் மதிப்பிடுவார்கள்.

2008 பிப்ரவரியில் முதல் விடை வந்தது: 1,411. பக்கத்திலேயே, குறைந்தது 1,165, கூடினால் 1,657 என்று. இந்தியப் புலிக் கணக்கில் அந்த இரண்டு எண்கள் நாடு முழுவதற்கும் வந்தது அதுதான் முதல் தடவை.

தொலைந்துபோன முப்பது வருஷம்

அன்று பல பத்திரிகைகள் "புலிகள் பாதிக்கு மேல் அழிந்தன" என்று எழுதின. 3,642 எங்கே, 1,411 எங்கே! ஆனால் இந்தக் கழித்தலைச் செய்யக்கூடாது. முதல் எண் ஒரு தராசில் நிறுத்தது, இரண்டாவது இன்னொரு தராசில். சுந்தரவனம் அந்த 2006 கணக்கில் சேர்க்கப்படவும் இல்லை. உண்மையில் செத்த புலி எத்தனை, பிறக்காமலே புத்தகத்தில் வாழ்ந்த புலி எத்தனை என்று இனி யாராலும் பிரிக்க முடியாது. கெட்ட கணக்கு செய்யும் பெரிய நஷ்டம் இதுதான் என்று நினைக்கிறேன். நிகழ்காலத்தை மறைப்பதோடு நிற்காமல், பின்னால் வருகிறவர்கள் திரும்பிப் பார்த்துத் தெரிந்துகொள்ளும் வழியையும் அடைத்துவிடுகிறது. சரிஸ்காவில் எந்த ஆண்டில் எத்தனை புலி போனது என்று துல்லியமாகத் தெரிந்திருந்தால், கடைசி ஐந்தாறையாவது காப்பாற்றியிருக்கலாம் அல்லவா? எச்சரிக்கை மணி அடிக்க வேண்டிய எண்ணே "எல்லாம் நலம்" என்று சொல்லிக்கொண்டிருந்தது.

அதன் பிறகு 2010ல் 1,706, 2014ல் 2,226, 2018ல் 2,967, 2022ல் 3,682. கடைசி எண்ணுக்குக் கீழ்வரம்பு 3,167, மேல்வரம்பு 3,925. 2018ல் மட்டும் 26,838 இடங்களில் கேமரா வைத்தார்கள். விழுந்த படங்கள் மூன்றரைக் கோடிக்குச் சற்றே குறைவு. அதில் புலி இருந்தவை 76,651. தனித்தனியாக அடையாளம் கண்ட புலிகள் 2,461. உலகின் மிகப் பெரிய கேமரா வழி வனவிலங்குக் கணக்கெடுப்பு என்று கின்னஸ் புத்தகத்திலும் ஏறியது. நம் ஊர்ப் பக்கம் கேட்பீர்களே: முதுமலை, ஆனைமலை, சத்தியமங்கலம், களக்காடு-முண்டந்துறை எல்லாம் சேர்த்துத் தமிழ்நாட்டுக் கணக்கு 2006ல் 76. 2022ல் 306.

சந்தோஷமான எண்தான். ஆனால் இந்த ஏற்றத்தையும் அப்படியே 'வளர்ச்சி' என்று எடுத்துக்கொள்ளக்கூடாது. ஒவ்வொரு சுற்றிலும் கேமரா கூடியது, பார்த்த பரப்பு கூடியது, கணக்கில் சேர்க்கும் குட்டியின் வயது வரம்பும் மாறியது. 2015ல் காரந்த் உள்ளிட்ட சிலர், தடம் பார்த்த இடத்திலிருந்து கேமரா பார்க்காத இடத்துக்குத் தாவும் அந்தக் கணக்கு நம்பத்தக்கதல்ல என்று ஆய்விதழில் எழுதினார்கள். வனவிலங்கு நிறுவனம் அதை மறுத்தது. இந்தச் சண்டையைப் பார்த்து எனக்கு நிம்மதிதான் வந்தது. பழைய முறையில் இப்படிச் சண்டை போடவே வழியில்லை. ஒரு எண், கீழே கையெழுத்து, முடிந்தது. இப்போது முறை எழுதி வைத்திருக்கிறது, பிழை எல்லை எழுதி வைத்திருக்கிறது, படங்கள் இருக்கின்றன. எதிர்க்கிறவர் இந்தப் படியில் இடறுகிறது என்று விரல் வைத்துக் காட்ட முடிகிறது. தணிக்கை செய்ய முடிகிற கணக்கு என்பது அதுதான்.

சரிஸ்காவுக்கு 2008 ஜூனில் ரண்தம்போரிலிருந்து ஒரு ஆண் புலியை விமானப்படை ஹெலிகாப்டரில் கொண்டுவந்து விட்டார்கள். அடுத்தடுத்து பெண் புலிகளும் வந்தன. இன்று அங்கே நாற்பதுக்கு மேல் இருக்கின்றன. ரேடியோ கழுத்துப்பட்டையும் கேமராவும் வைத்துப் பெயரும் எண்ணும் சொல்கிறார்கள். இடைப்பட்ட பாடம் மற்ற காடுகளுக்கு உடனே எட்டவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். மத்தியப் பிரதேசத்துப் பன்னாவில், ரகு சுந்தாவத் என்ற ஆய்வாளர் முன்கூட்டியே எச்சரித்தும், "புலி இருக்கிறது" என்று சொல்லிக்கொண்டே இருந்து 2009ல் பூஜ்யத்தில் வந்து நின்றார்கள். அங்கேயும் வெளியிலிருந்து புலி கொண்டுவர வேண்டியிருந்தது.

புலி ஒரு உதாரணம்தான். காட்டுப் பரப்பு, நிலத்தடி நீர்மட்டம், ஆற்று நீரின் தரம், நகரத்துக் காற்று என்று எல்லாவற்றையும் இன்று மாதிரி எடுத்துத்தான் சொல்கிறார்கள். வேறு வழியும் இல்லை. நீங்கள் இருப்பது டெல்லியோ, மும்பையோ, ஹைதராபாதோ, காலையில் செல்பேசியில் காற்றுத் தரக் குறியீடு பார்த்துவிட்டுத்தான் குழந்தையை விளையாட அனுப்புகிறீர்கள். அந்த எண்ணைத் தரும் கருவி எந்த மூலையில் இருக்கிறது என்று என்றைக்காவது யோசித்ததுண்டா? பூங்காவுக்குள் மரத்தடியில் வைத்தால் ஒரு எண், பஸ் நிலைய வாசலில் வைத்தால் ஒரு எண். கரண்டியை எங்கே விடுகிறோம் என்ற அதே பழைய கேள்வி.

ஆகவே பத்திரிகையில் இனி இப்படி ஒரு எண்ணைப் பார்த்தால், கிளை ஆய்வுக்கு வந்த இன்ஸ்பெக்டர் மாதிரி மூன்று கேள்வி கேட்டுப் பாருங்கள்:

1. எங்கே எண்ணுவது என்று யார், எப்படித் தேர்ந்தெடுத்தார்கள்?

2. கூடக்குறைய எவ்வளவு என்று சொல்லியிருக்கிறார்களா?

3. எண்ணியவரும் அந்த எண்ணால் பாராட்டு வாங்குகிறவரும் ஒரே ஆளா?

மூன்றாவதுக்கு "ஆமாம்" என்று பதில் வந்தால், குடோனைத் திறந்து பார்க்கச் சொல்லுங்கள். நான்கு ஆண்டுக்கு ஒருமுறை என்ற வரிசையில் அடுத்த புலி மதிப்பீடு 2026க்கானது. விடை வரும்போது தலைப்பில் பெரிதாக ஒரு எண் போடுவார்கள். அதற்குக் கீழே சின்ன எழுத்தில் இரண்டு எண்கள் இருக்கும். வீட்டில் பெரிய வகுப்பு படிக்கிற பிள்ளைகள் இருந்தால், முதலில் அந்த இரண்டையும் தேடிக் கண்டுபிடிக்கச் சொல்லுங்கள். மற்றதை அவர்களே உங்களுக்குச் சொல்லித் தருவார்கள். :-)